கண்டி வீட்டுக்கு ஒரு நட்சத்திரம்

கண்டிக்குப் போயிருக்க வேண்டியது நான் இல்லை. என் மகள் கவிதாவும், அவளோடு சென்னையில் வேலை பார்க்கிற ப்ரீத்தியும், ஷாலினி என்று இன்னொரு பெண்ணும் ரெண்டு வருஷமாகப் பேசிப் பேசி வைத்திருந்த பயணம் அது. கிளம்பப் பத்து நாள் இருக்கும்போது ஷாலினியின் பிள்ளைக்கு அம்மை போட்டுவிட்டது. அறையோ மூன்று கட்டில் உள்ள அறை. "அம்மா, நீ வா. உன் பாஸ்போர்ட் சும்மாதானே கிடக்கு" என்றாள் கவிதா. துபாயில் இருக்கிற மகன் வீட்டுக்குப் போக எடுத்த பாஸ்போர்ட் அது. போகாமலே பீரோவில் கிடந்தது.

நான் சாத்தூரில் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். வயது அறுபத்தெட்டு. நாலு பேர் இருக்கிற இடத்தில் தண்ணீர் கேட்கக் கூச்சப்பட்டு, தாகத்தோடு வீட்டுக்குத் திரும்பி வருகிற ஆள். அதுவரை நான் பார்த்த தூரமெல்லாம் டூரிஸ்ட் பஸ்ஸில் பார்த்ததுதான். தெருவே கிளம்பும். புளியோதரைத் தூக்கு, பெட்ஷீட், தண்ணீர்க் கேன். ஒரு நாளைக்கு ஆறு கோயில். டிரைவர் ஹாரன் அடித்தால் ஓடிப்போய் ஏற வேண்டும். இந்தப் பெண்கள் எப்படிப் பயணம் போகிறார்கள் என்று பார்க்க எனக்கு ஆசையாக இருந்தது. இவர்கள் வயதுக்காரர்களுக்கு மில்லேனியல் என்று ஒரு பெயர் உண்டாம். ப்ரீத்திதான் சொன்னாள். "எங்களப் பத்தி ஆராய்ச்சியே பண்றாங்க ஆன்ட்டி, நாங்க எப்படி ஊர் சுத்துறோம்னு." ஆராய்ச்சி செய்கிற அளவுக்கு என்ன இருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். அப்புறம் நானே ஐந்து நாள் வேறு வேலையில்லாமல் இவர்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கண்டியில் இறங்கும்போது சாயங்கால மழை. சாமான் என்று பார்த்தால் ஆளுக்கு ஒரு முதுகுப்பை. என்னிடம்தான் ஒரு சூட்கேஸும் ஒரு ஒயர் கூடையும். ஆட்டோக்காரர் எடுத்து வைத்தார். ரிஸ்வான் என்று பெயர், பக்கத்தில் மடவளை ஊர்க்காரர். தமிழ் கேட்டதும் எனக்குப் பாதி உயிர் வந்தது.

வீடு ஏரிக்கு மேலே மலைமேட்டில். ப்ரீத்தி போனைப் பார்த்து வழி சொல்லிக்கொண்டே வந்தாள்.

"லெஃப்ட் எடுங்கண்ணா."

"தங்கச்சி, அங்கால ஆட்டோ போகாது."

"மேப்ல காட்டுதே!"

"போன்ல காட்டும். நான் இந்த ஊர்ல பொறந்த ஆளு, எனக்குக் காட்டல்ல." இருந்தாலும் திருப்பினார். நூறடி போய் எஞ்சினை அணைத்தார். முன்னால் ஒரு படிக்கட்டு. அதில் ஒரு நாய் உட்கார்ந்து எங்களைப் பார்த்தது. "இந்தா இருக்கி ஒங்கட ரோடு" என்றார். ப்ரீத்தி சிரித்துவிட்டாள். அந்த ஐந்து நாளும் வேறு ஆட்டோ பிடிக்காமல் அவரையே கூப்பிட்டதற்குக் காரணம் அந்த நாய்தான் என்று நினைக்கிறேன்.

வீட்டுக்கார அம்மா லோகா வாசலில் குடையோடு நின்றாள். ஐம்பது வயது இருக்கும். அவளுடைய பாட்டன் காலத்தில் திருச்சிப் பக்கத்திலிருந்து கடை வைக்க வந்தவர்களாம். கணவர் தேவராஜ் மாநகரசபையில் கிளார்க். மகளைக் கட்டிக்கொடுத்த பிறகு சும்மா கிடந்த அறையை இப்படி வருகிறவர்களுக்கு விடுகிறார்கள்.

"வாங்கம்மா, நனைஞ்சிட்டீங்களா? இந்தக் கதிரையில உக்காருங்க. துவாய் எடுத்துட்டு வாறேன்." நாற்காலியைத்தான் கதிரை என்கிறார்கள். துண்டு துவாய் ஆகிவிட்டது. மற்றபடி அவள் பேச்சு எங்கள் ஊர்ப் பேச்சு போலத்தான் இருந்தது.

பெண்கள் ரெண்டு பேரும் முதல் வேலையாகச் சுவரில் பிளக் எங்கே இருக்கிறது என்று தேடினார்கள். எங்கள் காலத்தில் சத்திரத்துக்குப் போனால் கக்கூஸ் எங்கே என்று தேடுவோம். லோகா என் பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னாள்.

"நல்லா எழுதச் சொல்லுங்கம்மா. இங்க வாறவங்க எல்லாம் ஒங்க மக வயசுதான். இவங்க யாரையும் விசாரிக்கிறதில்ல. போன்ல எத்தனை நட்சத்திரம்னு பாத்துட்டுத்தான் வாறாங்க. முன்ன ஒருத்தி சுடுதண்ணி வரலன்னு ஒத்த நட்சத்திரம் போட்டுட்டா. மூணு மாசம் அந்தக் கட்டில்ல பூனைதான் படுத்துச்சு."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் கை, துவாயை மடித்து மடித்துப் பிரித்துக்கொண்டிருந்தது. போகும்போது திரும்பி, "அந்தப் பின்பக்கச் சின்ன ஜன்னல மட்டும் தெறக்காதீங்கம்மா. மத்ததுக்கெல்லாம் கம்பிவலை இருக்கு, அதுக்கு இல்ல. கொரங்கு வரும்" என்றாள். நான் தலையாட்டினேன். இதைக் கேட்டது நான் ஒருத்திதான்.

மறுநாள் காலை ப்ரீத்தி கட்டிலில் சம்மணம் போட்டு லேப்டாப்பில் மீட்டிங் பேசினாள். மேலே இஸ்திரி போட்ட சட்டை. கீழே பூப்போட்ட பைஜாமா. லீவுக்கு வந்த இடத்தில் என்ன வேலை என்று கேட்டேன். "வேலையும் பாத்துக்கலாம், ஊரும் பாத்துக்கலாம் ஆன்ட்டி. இப்ப எல்லாரும் அப்படித்தான்." பத்து மணிக்குமேல்தான் வெளியே கிளம்பினோம். எங்கள் டூரிஸ்ட் பஸ்ஸாக இருந்தால் அதற்குள் மூன்று கோயில் முடிந்திருக்கும்.

ஏரியைச் சுற்றி நடந்தோம். நாலு கடையைத் தாண்டி நடந்தும் எதிலும் நுழையவில்லை. ஐந்தாவது கடைக்குத்தான் போன் சம்மதம் சொன்னது. காப்பி வந்தது. குடிக்கவில்லை. ப்ரீத்தி கதிரைமேல் ஏறி நின்று மேலேயிருந்து அதைப் படம் பிடித்தாள். போனில் இல்லை, கழுத்தில் தொங்குகிற பெரிய கேமராவில். பக்கத்து மேசையிலும் ஒரு வெள்ளைக்காரப் பெண் அதேபோல ஏறி நின்றாள். ரெண்டு பேரும் ஒருத்தரையொருத்தர் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள், சொந்தக்காரர்கள் மாதிரி.

"ஆறிடாதா?" என்று கேட்டுவிட்டேன். அன்று நானாக வாய் திறந்தது அது ஒன்றுதான்.

"ஆறிடும் ஆன்ட்டி. ஆனா படம் ஆறாது."

அந்தக் கடையில் ரெண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். யாரும் எழுந்திருக்கச் சொல்லவில்லை. ஜன்னலில் மழை. இவர்கள் பேசவும் இல்லை, சும்மா பார்த்துக்கொண்டிருந்தார்கள். பார்க்க வேண்டிய இடம் இத்தனை என்று எண்ணி முடிக்கிற அவசரம் இவர்களுக்கு இல்லை. புத்தர் பல் இருக்கிற தலதா மாளிகைக்குப் போய்ப் பாதியில் திரும்பினோம். காரணம், வாசல் பக்கத்தில் ஒரு பூனை குட்டி போட்டிருந்தது. சாயங்காலம் பேராதனைத் தோட்டத்தில் மரமெல்லாம் வௌவால் தலைகீழாகத் தொங்குவதை நானே அரைமணி நேரம் கழுத்து வலிக்கப் பார்த்தேன். "வா போகலாம்" என்று யாரும் என்னை இழுக்கவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது.

மூன்றாம் நாள் ரயில். நாவலப்பிட்டி வரைக்கும் போய்த் திரும்புவது. அங்கே என்ன இருக்கிறது என்று கேட்டேன். "அங்க ஒண்ணும் இல்லம்மா. போற வழிதான்" என்றாள் கவிதா. ஒன்றும் இல்லாத ஊருக்கு ரயிலேறிப் போவதை அன்றுதான் கேள்விப்பட்டேன்.

ஏறின பிறகு புரிந்தது. ரயில் கதவில் தொங்கிக்கொண்டு, பின்னால் மலை தெரிய ஒரு படம் எடுக்க வேண்டும். அதற்குத்தான் இவ்வளவும். ஆனால் எங்களுக்கு முன்னாலேயே கதவுக்கு வரிசை நின்றது. தண்ணீர்க் குழாயில் குடம் வைத்து நிற்பதுபோல, ஆளுக்கு ரெண்டு நிமிஷம். ஒரு சீனப் பெண், பிறகு ஒரு புதுக் கல்யாண ஜோடி, பிறகு ப்ரீத்தி. நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

எதிரே உட்கார்ந்திருந்த சிங்கள அம்மா ஒருத்தி உப்பு மிளகாய் போட்ட கொய்யாத்துண்டை என்னிடம் நீட்டி, கதவைக் காட்டி என்னமோ சொன்னாள். பக்கத்திலிருந்த யாழ்ப்பாணத்துக்காரர் ஒருவர் எனக்குச் சொன்னார்: "'உங்கட பிள்ளையை உள்ளுக்கு வரச் சொல்லுங்கோ, எனக்கு வயித்தைக் கலக்குது' எண்டு சொல்லுறா."

"எனக்கும்தான்னு சொல்லுங்க" என்றேன்.

அவர் அதைச் சிங்களத்தில் சொல்ல, அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். ப்ரீத்தி உள்ளே வருகிறவரைக்கும் விடவில்லை.

நாவலப்பிட்டியில் இறங்கி, பால் விடாத பிளேன்டீ குடித்தோம். திரும்புகிற ரயில் ரொம்ப நேரம் ஆகும் என்றார்கள். பஸ் ஏறினோம். அந்த பஸ் ஒரு வளைவில் நின்றுவிட்டது. எல்லாரும் இறங்கினோம். இவர்கள் கோபப்படவே இல்லை. ரோட்டோரத்தில் உட்கார்ந்து அந்த பஸ்ஸையும் படம் பிடித்தார்கள். அன்றைக்கு ராத்திரி சாப்பாட்டுக்குக் கவிதா சோற்றுப் பார்சலும், ஒரு மண்சட்டியில் எருமைத்தயிரும் வாங்கினாள். ப்ரீத்தி கேமராவிலிருந்த சின்ன அட்டையை எடுத்து, ஏற்கெனவே இன்னொன்று இருந்த சிறு ஜிப் பையில் போட்டாள். "மூணு நாள் கண்டி முழுக்க இதுக்குள்ள இருக்கு ஆன்ட்டி" என்று பையைத் தட்டிக் காட்டினாள். அதே பைக்குள் இஞ்சி மிட்டாயும் போட்டு வைத்திருந்தாள்.

நாலாம் நாள் அமாவாசை.

என் வீட்டுக்காரர் போய் ஆறு வருஷம் ஆகிறது. ஒரு அமாவாசைகூட நான் காக்கைக்குச் சோறு வைக்காமல் வாயில் தண்ணீர் ஊற்றியதில்லை. புதிதாகப் பொங்கி வைப்பதுதான் முறை. லோகாவிடம் ஒரு கைப்பிடி சோறு கேட்டிருந்தால் தட்டு நிறையக் கொடுத்திருப்பாள். எப்படி ஒரு வீட்டில் போய்ச் சோறு கேட்பது என்று கூச்சம். முதல் நாள் பார்சலில் கறி படாத சோற்றைக் கொஞ்சம் தனியே எடுத்துவைத்திருந்தேன். எருமைத்தயிர் போட்டுப் பிசைந்தேன். கூடையில் ஒரு காகிதப் பொட்டலத்தில் எள்ளு எப்போதும் இருக்கும், அதையும் தூவினேன். பழையது என்று அவர் கோபிக்க மாட்டார். உயிரோடு இருக்கும்போதும் பழையது என்றால் ஓடி வருவார்.

எங்கே வைப்பது? மொட்டைமாடிக்குப் போக வேண்டுமென்றால் லோகாவின் சமையலறை வழியாகப் போக வேண்டும். பெண்கள் ரெண்டு பேரும் வாசலில் நின்றார்கள். கீழே ரிஸ்வான் ஹாரன் அடித்தார். அந்தப் பின்பக்கச் சின்ன ஜன்னலுக்கு வெளியே அகலமாக ஒரு திண்டு இருந்தது. அதற்கப்பால் பலாமரம். ஒரு நிமிஷம்தானே என்று திறந்தேன். சோற்றை வைத்தேன். "கா, கா" என்று எனக்கே கேட்காத குரலில் கூப்பிட்டேன். மரத்தில் ஒரு காக்கை இருந்தது. பார்த்தது, வரவில்லை. மறுபடி ஹாரன். ஜன்னலைத் தள்ளிச் சாத்தினேன். கொக்கியை மாட்டவில்லை. மாட்டினால் சத்தத்தில் அது பறந்துவிடும் என்று நினைத்தேன்.

அன்று அக்குறணைப் பக்கம் போனோம். ஒரு கடையில் டீ சொன்னதும், கேட்காமலே ஒரு தட்டு நிறைய வடை, ரோல்ஸ், முக்கோண ரொட்டி எல்லாம் கொண்டுவந்து வைத்தார்கள். வைத்ததை மிச்சம் வைக்கக்கூடாதே என்று நான் ரெண்டு வடை தின்று, மூன்றாவதைத் தின்ன முடியாமல் தின்றுகொண்டிருந்தேன். ரிஸ்வான் பதறிப்போனார். "அம்மா, ஏன் கஷ்டப்பட்டுத் தின்றீங்க? வேணுங்கிறத எடுக்கிற, மத்தது அப்படியே திரும்பிப் போகும். இங்க அப்படித்தான்!" கவிதா சிரித்துச் சிரித்து டீயைக் கொட்டிவிட்டாள். அந்தப் பயணத்தில் நான் கடைசியாக நிம்மதியாகச் சிரித்தது அங்கேதான்.

நாலு மணிக்கு வந்து அறையைத் திறந்தால், தலையணைப் பஞ்சு பறந்தது. தயிர்ச்சட்டி உடைந்து கிடந்தது. என் சேலை ஒன்று பலாமரக் கிளையில் தொங்கியது. ஜன்னல் ஆவென்று திறந்து கிடந்தது. ப்ரீத்தி தன் பையைக் கவிழ்த்துக் கொட்டித் தேடினாள். ஜிப் பை இல்லை. பக்கத்துத் தகரக் கூரைமேல் ஒரு குரங்கு உட்கார்ந்து மிட்டாய்க் காகிதத்தை நிதானமாகப் பிரித்துக்கொண்டிருந்தது. தேவராஜும் ரிஸ்வானும் கூரையேறித் தேடினார்கள். மிட்டாய்க் காகிதங்கள் கிடைத்தன. பை கிடைக்கவில்லை.

"மூணு நாளும் போச்சு" என்றாள் ப்ரீத்தி. அழவில்லை. அழுதிருந்தால் தேவலை. போனை எடுத்தாள். கட்டை விரல் ரெண்டும் பறந்தன. கவிதா எட்டிப் பார்த்து, "ஒரு ஸ்டாரா? வேணாம்டி, பாவம்" என்றாள்.

"என்ன பாவம்? ஜன்னல் தானாத் தெறந்துக்குது, வலையும் இல்ல. அடுத்து வர்றவங்களுக்குத் தெரிய வேணாமா? நாமளும் நாலு பேர் எழுதுனதப் படிச்சுட்டுத்தானே வந்தோம்?"

அவள் சொன்னதில் தப்பில்லை. ஒன்றுதான் தப்பு. ஜன்னல் தானாகத் திறக்கவில்லை. நான் கட்டிலோரம் உட்கார்ந்து, கிழியாத துணிகளை மடித்துக்கொண்டிருந்தேன். சொல் சொல் என்று உள்ளே ஒருத்தி அடித்துக்கொண்டாள். மடித்த துணியையே மறுபடி உதறி மடித்தேன்.

ஐந்தாம் நாள் கிளம்ப வேண்டும். காலையில் லோகா இடியாப்பமும் தேங்காய்ப்பால் ஊற்றின சொதியும் தேங்காய்ச் சம்பலும் கொண்டுவந்து வைத்தாள். முகம் வீங்கியிருந்தது. நட்சத்திரத்தைப் பார்த்துவிட்டாள் என்று தெரிந்தது. ஒரு வார்த்தை கேட்கவில்லை. ப்ரீத்தியின் தட்டில் இன்னும் ரெண்டு இடியாப்பம் வைத்தாள்.

"மன்னிச்சுக்கங்க தங்கச்சி. கொக்கி சரியில்லாம இருந்திருக்கும். எங்க கவனக் கொறவுதான்."

"பரவாயில்லக்கா" என்றாள் ப்ரீத்தி, தட்டைப் பார்த்துக்கொண்டே.

உள்ளேயிருந்து தட்டுகிற சத்தம் வந்தது. எட்டிப் பார்த்தேன். தேவராஜ் வேலைக்குப் போகிற வெள்ளைச் சட்டையோடு ஸ்டூல்மேல் நின்று, நல்லாயிருக்கிற கொக்கியைக் கழற்றிக்கொண்டிருந்தார். அப்போதும் வாய் வரவில்லை. கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு ஆட்டோவில் ஏறிவிட்டேன். லோகா என் கூடையில் ஒரு பொட்டலம் வைத்தாள். கித்துள் மரத்துக் கருப்பட்டி.

ஆட்டோ இறங்கி ஏரிக்கரைக்கு வந்தது. அந்தப் பொட்டலம் மடியில் இருந்தது. "வண்டிய நிறுத்துங்க" என்றேன். காக்கையைக் கூப்பிட்ட அதே குரல். யாருக்கும் கேட்கவில்லை. கையை நீட்டி ரிஸ்வானின் தோளைத் தட்டினேன். அன்னிய ஆண்பிள்ளையை நான் தொட்டது என் வயதில் அதுதான் முதல் தடவை. வண்டி ஓரமாக நின்றது.

"என்னம்மா, வாந்தி வருதா?" என்றாள் கவிதா.

"ஜன்னலத் தெறந்தது நான்தான்."

"எந்த ஜன்னல்?"

"அந்தச் சின்ன ஜன்னல். அமாவாசை இல்லையா, அப்பாவுக்குச் சோறு வச்சேன். கொக்கி மாட்டாம வந்துட்டேன். அந்தப் பொண்ணு தெறக்காதீங்கன்னு சொல்லித்தான் இருந்துச்சு."

"அம்மா! நேத்து அவ அவ்வளவு கத்துறா, நீ பக்கத்துல உக்காந்து துணி மடிச்சிட்டு இருந்தியே!"

ப்ரீத்தி ஏரிப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"திரும்பிப் போய்ச் சொல்லணும்" என்றேன்.

"பஸ் போயிரும்மா. போன்ல சொல்லிக்கலாம்."

ரிஸ்வான் ஏற்கெனவே ஹேண்டிலைத் திருப்பிக்கொண்டிருந்தார். "பஸ் இன்னொண்டு வரும் தங்கச்சி. அம்மா இப்பத்தான் வாயத் தொறந்திருக்காங்க."

தேவராஜ் இன்னும் ஸ்டூல்மேல்தான் நின்றார். நான் அறை வாசலிலேயே நின்று சொன்னேன். "ஐயா, இறங்குங்க. கொக்கி நல்லாத்தான் இருக்கு. நான்தான் மாட்டாம விட்டேன். காக்காவுக்குச் சோறு வச்சேன்." ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன். காது ரெண்டும் சுட்டது.

அவர் மனைவியைப் பார்த்தார். லோகா மாவு ஒட்டின கையோடு வந்து நின்றாள்.

"தெரியும்மா" என்றாள்.

"எப்படி?"

"திண்டத் தொடைக்கைல எள்ளு கிடந்துச்சு. எள்ளுச் சோறு வேற யாரு வைக்கப்போறா?"

ப்ரீத்தி முன்னால் வந்தாள். "அக்கா, தெரிஞ்சுக்கிட்டேயா என்கிட்ட மன்னிப்புக் கேட்டீங்க?"

"வேற என்ன செய்யச் சொல்றீங்க தங்கச்சி? செத்தவங்களுக்கு வச்ச சோறு அது. அதக் காட்டி, 'இந்தம்மாதான் பண்ணுச்சு'ன்னு ஒங்ககிட்ட வந்து சொல்லவா? அப்படிச் சொல்லி வாங்குற நட்சத்திரம் எனக்கு எதுக்கு?" கொஞ்சம் நிறுத்திவிட்டுச் சேர்த்துக்கொண்டாள். "வலை அடிக்கணும்னு நானும் ஒரு வருசமாச் சொல்றேன். இவரு இப்பதான் ஸ்டூல்லயாவது ஏறியிருக்காரு. அந்தளவுக்கு நல்லதுதான்."

தேவராஜ் ஸ்டூலில் நின்றபடியே, "இப்ப இறங்கவா, நிக்கவா?" என்றார். முதலில் சிரித்தது ரிஸ்வான்.

அடுத்த பஸ்ஸில் நான் ஜன்னலோரம், ப்ரீத்தி நடுவில். கண்டி மலை இறங்கி முடிகிற இடத்தில் என் பக்கம் திரும்பினாள்.

"ஆன்ட்டி, அந்தச் சோத்தக் குரங்குதான் தின்னிருக்கும். அப்ப அங்கிளுக்குப் போய்ச் சேரலையா?"

அவள் படத்தைப் பற்றிக் கேட்பாள் என்று நினைத்திருந்தேன். எனக்குக் கண் கலங்கிவிட்டது. "அவரு யாரு தின்னாலும் வயிறு நெறஞ்சதுன்னு சொல்ற ஆளும்மா" என்றேன்.

"மூணு நாள் ஆன்ட்டி" என்றாள் மறுபடி. கோபம் முழுசாகப் போகவில்லை. போகவும் வேண்டாம், அது அவள் உழைப்பு. ஆனால் போனை எடுத்து, எழுதினதை அழித்துவிட்டுப் புதிதாக எழுதினாள். நாலு நட்சத்திரம் போட்டாள். "வலை இல்லைல்ல? அதுக்கு ஒண்ணு கொறச்சிட்டேன்." நியாயம்தான்.

"எனக்கும் போடத் தெரியணும்" என்றேன். என் போனில் கோலம் பார்க்கக் கவிதா எப்போதோ ஒரு கணக்குத் திறந்து வைத்திருந்தாள். அதிலேயே போடலாமாம். நட்சத்திரத்தைத் தொடுவது சுலபம், ஐந்தையும் தொட்டுவிட்டேன். எழுதுவதுதான் கஷ்டம். பஸ் குலுங்கும்போதெல்லாம் ஒரு கொம்பு தப்பிப்போகும். விரலாலேயே கொழும்பு வரைக்கும் எழுதினேன். கவிதா திருத்தட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். எழுதினது இவ்வளவுதான்:

"பின்பக்க ஜன்னலைத் திறந்தது நான். காக்கைக்குச் சோறு வைத்ததும் நான். வீட்டுக்கார அம்மா திறக்கக்கூடாது என்று சொல்லியிருந்தார். குரங்கு வந்ததில் அவர்கள்மேல் குற்றம் இல்லை. சொதி நன்றாக இருந்தது. பெரிய மனசுக்காரர்கள். சாத்தூர் கோமதி."

ஊருக்கு வந்து ரெண்டு மாதம் இருக்கும். ஒரு காலையில் போன் அடித்தது. லோகா. ஜன்னலுக்கு வலை அடித்தாயிற்று என்றாள். ப்ரீத்தி திரும்பவும் வரப்போவதாக எழுதியிருக்கிறாளாம். மூன்று நாளையும் மறுபடி படம் எடுக்க வேண்டுமாம், அதே கட்டில்தான் வேண்டுமாம்.

"அத விடுங்கம்மா. யாழ்ப்பாணத்துல இருந்து ரெண்டு பேரு வந்திருக்காங்க. எல்லாரும் இங்கிலீசுல எழுதியிருக்கிறதுக்கு நடுவுல ஒங்க தமிழப் படிச்சுட்டு வந்திருக்காங்க. வந்ததும் பையக்கூட கீழ வைக்கல, 'அந்த ஜன்னல் எது?'ன்னு கேக்கிறாங்க. இந்தாங்க, பேசுங்க."

வேண்டாம் வேண்டாம் என்று சொல்வதற்குள் ஒரு இளவட்டக் குரல் வந்துவிட்டது.

"அம்மா, வணக்கம். சாத்தூர் கோமதி எண்டு எழுதினது நீங்கள்தானே?"

போனை வைத்துவிடலாமா என்றுகூடத் தோன்றியது. அடுப்பங்கரை ஜன்னல் திண்டில் காக்கை உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

"ஆமா, நான்தான்" என்றேன், அந்தக் காக்கை திடுக்கிட்டுப் பறக்கிற அளவுக்குச் சத்தமாக.